கேட்டுக்கொண்ட சரி

எங்கள் பக்கத்தில் ஒருவர் பேசும்போது எதிரில் நிற்பவர் நடுநடுவே "சரிங்க" போடாவிட்டால், பேசுகிறவர் நிறுத்திவிட்டு "கேக்கிறியா இல்லியா?" என்பார். ஐந்தாம் வகுப்போடு நின்ற, கூச்சமும் உள்ள என்னைப் போன்றவனுக்கு அந்தச் சொல் பெரிய வசதி. படித்தவர்கள் எதைச் சொன்னாலும் சரிங்க என்று சொல்லி நின்றுவிடலாம். பெண் பார்க்கப் போன இடத்தில், பிடித்திருக்கிறதா என்று கேட்டதற்கும் சரிங்க என்றேன். அதற்கு என்ன அர்த்தம் என்று என் மனைவி இன்றுவரை கேட்டுக்கொண்டிருக்கிறாள்.

தொழிற்பேட்டைக்கு நிலம் எடுத்தபோது எங்கள் நிலத்தில் ரோட்டுப் பக்கம் இருந்ததெல்லாம் போய்விட்டது. பின்னால் கிணறும் அரை ஏக்கரும் எங்களுக்கு நின்றன. வீட்டிலிருந்து அங்கே போகும் வண்டிப்பாதையும் எடுத்த நிலத்துக்குள் மாட்டிக்கொண்டது. ஏரிக்கரை மேலாகச் சுற்றிப் போய்க்கொள்ளலாம் என்று தாலுகா ஆபீசிலிருந்து ஆர்.ஐ. வந்து விளக்கினார். பாவம், வெயிலில் நின்று வெகுநேரம் விளக்கினார். நான் மரியாதையாகக் கேட்டேன், அதாவது சரிங்க போட்டுக்கொண்டே இருந்தேன். ஏரிக்கரை வழி மூன்று கிலோமீட்டர். ஐப்பசியில் ஏரி நிரம்பினால் அதுவும் கிடையாது. பழைய வண்டிப்பாதையையே எங்களுக்குத் திறந்துவிடச் சொல்லி வழக்குப் போட்டோம்.

அரசு வக்கீலை முதன்முதலாகக் காஞ்சிபுரம் கோர்ட்டில்தான் பார்த்தேன். அப்போது அவருக்கு நாற்பது வயது இருக்கும். அதட்டுவார் என்று பயந்துபோயிருந்தேன். அவரோ "பயப்படாம நில்லுங்க" என்றார். "சரிங்க" என்றேன். "கேக்கிறதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க" என்றார். அதற்கும் சரிங்க. டைப் அடிக்கிறவர் ஒவ்வொன்றையும் அடித்துக்கொண்டிருந்தார். சரிங்க சொல்வதை நிறுத்தும்படி நீதிபதியே சொன்னார். அவரிடமும் அதையேதான் சொன்னேன்.

பிறகு அரசு வக்கீல் மெதுவாகக் கேட்டார்.

"ஏரிக்கரை வழியா போய்க்கலாம்னு ஆர்.ஐ. உங்ககிட்ட சொன்னாரா?"

"சொன்னாருங்க."

"அதுக்கு நீங்க என்ன சொன்னீங்க?"

"சரிங்கன்னேங்க."

"அவ்வளவுதான்" என்று நீதிபதிக்கு ஒரு கும்பிடு போட்டு உட்கார்ந்துவிட்டார். எங்கள் வக்கீல் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். வழக்கு அத்தோடு முடிந்தது. வெளியே வந்தபோது அரசு வக்கீல் என்னைப் பார்த்து, ஊருக்கு பஸ் இருக்கிறதா என்று அன்பாக விசாரித்தார்.

எங்கள் வழக்குதான் அவருக்கு ஏணி என்று நான் சொல்லமாட்டேன். என் மனைவி சொல்லுவாள். கொஞ்ச காலத்தில் அவர் சென்னை ஹைகோர்ட்டுக்குப் போனார். அரசாங்கத்தின் பெரிய வழக்குகளெல்லாம் அவர் கைக்கு வந்தன. பிறகு நம் நாட்டுக்காக வெளிநாட்டில் போய் வாதாடினார். டீக்கடைப் பேப்பரில் அவர் படம் வரும்போதெல்லாம் எழுத்துக் கூட்டிப் படிப்பேன். பக்கத்தில் இருப்பவர்களிடம் "நம்ம வக்கீல்" என்றும் சொல்லிவிடுவேன். எனக்கு எதிராக வாதாடியவர் என்பதை விளக்கக் கூச்சமாக இருக்கும்.

அப்புறம் ஒரு நாள் அவரைத் தூதராகப் போட்டுவிட்டதாகப் பேப்பரில் வந்தது. அதுவும் எங்கள் கம்பெனிக்காரர்களின் நாட்டுக்கு. எடுத்த நிலத்தில் வந்த அந்தக் கம்பெனியில்தான் எனக்கு வேலை. மீட்டிங் ரூமுக்குப் பக்கத்தில் டீ போடும் சின்ன அறையில் பன்னிரண்டு வருஷமாக நிற்கிறேன். வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொன்னேன்.

"தூதர்னா இன்னா வேல?" என்றாள்.

நம் நாடு சொல்வதை அந்த நாட்டிடம் சொல்லி, அவர்கள் சொல்வதைக் கேட்டுவந்து இங்கே சொல்ல வேண்டும் என்றேன்.

"அவங்க சரின்னா இவரு எழுதிக்கினு வருவாரா? அப்ப அந்தாளுதான் கரெக்டு."

அவள் கோபத்தில் நியாயம் இருந்தது. அந்த அரை ஏக்கரில் கத்தரியும் கீரையும் போட்டு, கட்டு கட்டாக ஏரிக்கரை சுற்றிச் சுமந்தவள் அவள்தான். முட்டி தேய்ந்துவிட்டது என்று டாக்டர் சொல்லிவிட்டார். அந்த வருஷ மழைக்குள் வழி கிடைக்காவிட்டால் நிலத்தைப் புரோக்கரிடம் கொடுத்துவிடுவது என்று முடிவு செய்திருந்தாள். அவளாகவே முடிவு செய்து, சொல்லிவிட்டு அழுதாள். நான் வழக்கம்போல் சரி என்றேன்.

இத்தனைக்கும் எங்கள் கிணறு என் டீ அறை ஜன்னலிலிருந்தே தெரியும். பழைய வண்டிப்பாதைதான் இப்போது கம்பெனியின் உள்சுவர் ஓரம் சிமென்ட் ரோடாகப் போகிறது. அது முடியும் இடத்தில் பின்பக்கச் சுவரில் ஒரு இரும்பு கேட். எப்போதும் பூட்டு. வருஷத்துக்கு ஒரு தடவை ஃபயர் டிரில் நடக்கும்போது சங்கு ஊதி அதைத் திறப்பார்கள். எல்லோரும் வெளியே ஓடி வரிசையில் நிற்பார்கள். நான் மட்டும் இன்னும் இருபதடி ஓடி, கத்தரிச் செடிகளைப் பார்த்துவிட்டு வருவேன். நெருப்புக்கு என்னைப் போல் பயப்படுகிறவன் கம்பெனியிலேயே இல்லை என்று சேப்டி ஆபீசர் நினைத்துக்கொண்டிருந்தார்.

போன ஆவணியில், இந்தியா வந்திருந்த தூதர் எங்கள் கம்பெனிக்கே வந்தார். தலை நரைத்திருந்தது. டீ வைத்தபோது "தேங்க்ஸ்" என்றார், அடையாளம் தெரியவில்லை. அவர் வந்த காரியம், சுற்று ஊர்ப் பிள்ளைகளுக்குக் கம்பெனி ஒரு தொழில் பள்ளிக்கூடம் கட்டித் தரவேண்டும் என்பது. அவர் ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல, அவர்கள் நாட்டிலிருந்து வந்திருக்கும் எங்கள் எம்.டி. தலையை ஆட்டி ஆட்டி "எஸ், எஸ்" என்றார். தூதர் முகம் மலர்ந்துவிட்டது. வாசலில் பத்திரிகைக்காரர்கள் காத்திருந்தார்கள். கம்பெனி ஒத்துக்கொண்டது என்று அவர்களிடம் சொல்லத் தன் உதவியாளரைத் தாள் தயார் செய்யச் சொன்னார்.

அந்த எஸ்ஸைப் பன்னிரண்டு வருஷமாகக் கேட்கிறேன். கேன்டீனுக்கு மின்விசிறி வேண்டும் என்றபோதும் அதே எஸ்தான். மின்விசிறி வரவில்லை. எம்.டி. நிஜமாகவே ஒத்துக்கொண்டால் பேசமாட்டார். சட்டைப் பையிலிருந்து ஒரு குட்டி டைரியை எடுத்துத் தேதி எழுதுவார். அன்று டைரி பையை விட்டு வரவில்லை.

இடைவேளையில் தூதர் மாத்திரை போட வெந்நீர் கேட்டு என் அறைக்கே வந்தார். பெரிய மனிதர்களிடம் நானாகப் பேசியதே கிடையாது. டம்ளரை நீட்டிக்கொண்டே சொல்லிவிட்டேன்.

"அய்யா, அவரு சொன்னது சரி இல்லீங்க. வெறும் சரிங்க."

"சரி இல்லையா?"

"சரிதாங்க. ஆனா சரின்னு அர்த்தம் இல்லீங்க."

மாத்திரையை வாயருகே வைத்தபடி என்னையே பார்த்தார். நான் மின்விசிறிக் கதையையும் டைரியையும் சொன்னேன். எந்தத் தேதியில் ஆரம்பிப்பீர்கள் என்று மட்டும் கேட்டுப் பாருங்கள் என்றேன். அவர் அதைக் காதில் வாங்கியதாகத் தெரியவில்லை.

"நீங்க... ஏரிக்கரை வழி கேஸ்."

"ஆமாங்க."

ஜூனியர் வக்கீல்களுக்கு அந்த வழக்கைப் பல வருஷம் பாடமாகச் சொல்லியிருக்கிறாராம். ஒரே கேள்வியில் ஜெயித்த வழக்கு என்று. அதைச் சொல்லும்போது அவர் குரல் இறங்கிப்போனது. தண்ணீரைக் குடித்துவிட்டு, பழைய கோர்ட் குரலில் மெதுவாகக் கேட்டார்.

"அன்னைக்கு ஆர்.ஐ.கிட்ட எந்த அர்த்தத்துல சரின்னு சொன்னீங்க?"

"கேட்டுக்கினேன்னுதாங்க. ஒத்துக்கினேன்னு இல்லீங்க."

இத்தனை வருஷம் கழித்து என் சாட்சி அன்றைக்குத்தான் முடிந்தது. இப்போது எப்படிப் போகிறீர்கள் என்று கேட்டார்; ஜன்னல் வழியாகக் கிணற்றையும் பூட்டிக் கிடந்த கேட்டையும் காட்டினேன். அவர் "சரி" என்று சொல்லிவிட்டுப் போனார். அது எந்தச் சரி என்று எனக்குத் தெரியவில்லை.

மறுபடி டீ கொண்டுபோனபோது அவர் எம்.டி.யிடம் தேதியைக் கேட்டுவிட்டிருந்தார். எம்.டி. மேல்கூரையைப் பார்த்து, தலைமை அலுவலகத்தைக் கேட்க வேண்டும் என்றார். தூதர் தன் உதவியாளரிடமிருந்து அந்தத் தாளை வாங்கி நான்காக மடித்துப் பையில் போட்டுக்கொண்டார். வியர்வையைத் துடைத்துக்கொண்டார். பிறகு என்னைக் காட்டி எதையோ சொல்லத் தொடங்கினார். வேகமான இங்கிலீஷ், எனக்கு 'கேட்' என்ற ஒரு சொல்தான் பிடிபட்டது. எம்.டி. "எஸ், எஸ்" என்றார். தூதர் என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன். இருவரும் ஏமாறவில்லை.

"வென்?" என்றார் தூதர்.

எம்.டி. அவரை நிமிர்ந்து பார்த்தார். கை சட்டைப் பைக்குப் போனது. குட்டி டைரி வெளியே வந்தது.

பள்ளிக்கூடம் இன்னும் தலைமை அலுவலகத்தில்தான் இருக்கிறது. கேட் அடுத்த திங்கட்கிழமையே திறந்தது. கம்பெனிக்குள் நடப்பதால் என் மனைவி மஞ்சள் ஹெல்மெட்டும் பளபளக்கும் சட்டையும் போட்டுக்கொண்டுதான் கீரை பிடுங்கப் போக வேண்டும் என்று சேப்டி ஆபீசர் சொல்லிவிட்டார். முதல் நாள் வெட்கப்பட்டாள். இப்போது வெயிலுக்கு நல்லது என்று வயலிலும் கழற்றுவதில்லை.

அந்த கேட்டைத் திறக்க வைத்திருக்கும் ரிஜிஸ்டரில் காரணம் எழுதும் இடத்தில் 'ஃபயர் டிரில்' என்று முன்பே அச்சடித்திருக்கிறது. செக்யூரிட்டிக்கு வேறு எழுத அதிகாரம் இல்லையாம். ஆகவே எங்கள் கம்பெனியில் தினமும் காலை ஆறரைக்கு ஃபயர் டிரில் நடக்கிறது. என் மனைவி கையெழுத்துப் போட்டுவிட்டு, கூடையை எடுத்துக்கொண்டு, நொண்டாமல் போகிறாள்.