கபடி என்று எழுதியிருந்த பதிவு

பஷீர் பாய் இறந்துபோன செய்தி வந்தபோது நான் செட்டாப் பாக்ஸ் கம்பெனியின் வாடிக்கையாளர் சேவையோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தேன். ஒன்றை அழுத்து, நான்கை அழுத்து என்று அலைக்கழித்து, அரை மணி நேரம் பாட்டுக் கேட்கவைத்து, அப்போதுதான் ஒரு மனிதக் குரல் கிடைத்திருந்தது. என் புகார் இதுதான்: பெட்டியில் 'கபடி' என்ற பெயரில் ஒரு பதிவு இருக்கிறது, எத்தனை முறை அழித்தாலும் போக மாட்டேன் என்கிறது. நடுவில் பாயின் தம்பி ஹமீது அழைத்தார். வெட்டினேன். மறுபடி அழைத்தார். மறுபடியும் வெட்டினேன். மூன்றாவதாக அவர் என் மனைவி ஜெயந்தியின் போனுக்கு அழைத்திருக்கிறார். அவள் சமையலறையிலிருந்து வந்து, என் கையிலிருந்த போனை வாங்கி மேஜைமேல் வைத்தாள்.

"பாய் போயிட்டாராம். கார்த்தால கடை தொறக்கறச்சே மயங்கி விழுந்திருக்கார். ஆஸ்பத்திரிக்குப் போறதுக்குள்ள..." என்றாள். மேஜைமேல் இருந்த போனுக்குள் அந்தக் கம்பெனிப் பெண், "சார், லைன்ல இருக்கீங்களா?" என்று இன்னும் கேட்டுக்கொண்டிருந்தாள்.

அன்று மாலையே அடக்கம். நம் டேபிள் டென்னிஸ் கிளப்பிலிருந்து பெரும்பாலும் எல்லோரும் திருவல்லிக்கேணிக்கு வந்திருந்தீர்கள். இணைச் செயலாளன் என்ற முறையில், கிளப் மலருக்கு ஒரு பக்கம் எழுதித் தரும்படி அங்கேயே என்னிடம் சொன்னீர்கள். ஒரு பக்கத்தில் முடியாது. முடிவில் உங்களில் சிலருக்குப் பிடிக்காத ஒன்றையும் சொல்லப்போகிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

பாய்க்குத் திருவல்லிக்கேணியில் மூக்குக் கண்ணாடிக் கடை. மாலையில் ஷட்டரைத் தம்பியிடம் விட்டுவிட்டு, தி. நகரில் நம் கிளப்புக்கு வந்து அம்பயராக உட்காருவார். எனக்கு அவர் முதலில் கண்ணாடிக்காரர்தான். ஒருமுறை புதுக் கண்ணாடி வாங்கி வந்து நான்கு நாளாகத் தலைவலி. ஜெயந்தி பேசுவதால்தான் தலைவலி என்று நினைத்துக்கொண்டிருந்தேன். ஐந்தாம் நாள் காலை மேற்கு மாம்பலத்தில் எங்கள் வீட்டு வாசலில் பாய் நிற்கிறார், இரண்டு பஸ் மாறி.

"ரெண்டு கிளாசையும் இடம் மாத்திப் போட்டுட்டேன் சார். நேத்து சீட்டைப் பாக்கச் சொல்லோதான் தெரிஞ்சுது. என் தப்பு," என்றார்.

போனில் சொல்லியிருந்தால் நானே வந்திருப்பேனே என்றேன். "தப்பு பண்ணவன்தான சார் நடக்கணும்? நீங்க எதுக்கு நடக்கறீங்க?" என்றார். அப்போதே கூடத்தில் உட்கார்ந்து, சின்ன ஸ்க்ரூ டிரைவரை எடுத்து மாற்றிக் கொடுத்துவிட்டுப் போனார். காப்பிகூடக் குடிக்கவில்லை.

இந்த மனிதரைப் பார்த்துத்தான் இரண்டு வருஷத்துக்கு முன்னால் அரங்கம் முழுக்க, "கண்ணாடிக் கடைக்காரருக்கு ஒரு கண்ணாடி குடுங்கப்பா," என்று கத்தியது. கத்தியவர்களில் நம் ஆட்களும் உண்டு. நானும் சிரித்தேன். மாநில லீகில் அரையிறுதி ஆட்டம். நம் கிளப் பெண் ரேவதி, மயிலாப்பூர் ரேவதி, கடைசி கேமில் ஒன்பது-பத்து என்று பின்தங்கி இருந்தாள். அம்பயர்கள் பற்றாக்குறையால் நாற்காலியில் நம் பாய். ரேவதி ஓங்கி அடித்த பந்து எதிர்ப்பக்க மேஜையின் ஓரத்தை உரசிக்கொண்டு போனது. மேல் விளிம்பில் பட்டிருந்தால் அவளுக்குப் பாயிண்ட், ஆட்டம் தொடரும். விளிம்புக்குக் கீழே பக்கவாட்டில் பட்டிருந்தால் எதிராளிக்குப் பாயிண்ட், ஆட்டம் முடிந்தது. பாய் "சைடு" என்று சொல்லி எதிராளியின் பக்கம் கையைத் தூக்கினார். நாம் வெளியேறினோம். ரேவதி பாயிடம் வந்து கை கொடுத்துவிட்டுப் போனாள். கொஞ்ச நாளில் ரயில்வேயில் வேலை கிடைத்து செகந்திராபாத் போய்விட்டாள்.

அவள் போன மறுவாரம் பாய் என்னிடம் வந்தார். அந்த ஆட்டத்தை ஒரு விளையாட்டுச் சேனல் எடுத்திருந்தது. இறுதிப் போட்டியை மட்டும் இன்டர்நெட்டில் போட்டுவிட்டு, மற்ற ஆட்டங்களை நேரம் கிடைத்தபோதெல்லாம் மறு ஒளிபரப்பு செய்துகொண்டிருந்தது. பதிவு செய்யும் பெட்டி என் வீட்டில் இருக்கிறது என்று நான்தான் கிளப்பில் பீற்றிக்கொண்டிருந்தேனே.

"அந்த ஒரு பாயிண்ட்டை நான் பாக்கணும் சார். பந்து எங்க பட்டுதுன்னு மட்டும் இல்ல. நம்ம கிளப் பொண்ணாச்சே, சாதகமாக் குடுத்தேன்னு யாரும் சொல்லிடக் கூடாதேன்னு கையைத் தூக்கிட்டேனான்னு ஒரு சந்தேகம் வந்துருச்சு," என்றார்.

ரேவதியையே கேட்டால் என்ன என்றேன். "எனக்காவ 'மேல படல அங்கிள்'னு சொல்லும் அந்தப் பொண்ணு. அது வேணாம். கண்ணால பாத்துடணும்," என்றார். தவறு என்று தெரிந்தால் செகந்திராபாத்துக்கே போய்ச் சொல்லிவிட்டு வருவேன் என்றும் சொன்னார். அவர் போயிருப்பார் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

முப்பத்தைந்து வருஷம் வங்கியில் கம்ப்யூட்டர் பிரிவில் இருந்தவன் நான். இது என்ன பெரிய வேலை என்று சேனலின் நிகழ்ச்சிப் பட்டியலில் 'டேபிள் டென்னிஸ் – அரையிறுதி' என்பதைத் தேடி, பதிவு செய்யச் சொல்லிப் பொத்தானை அழுத்தினேன். ஞாயிற்றுக்கிழமை பாய் பேரீச்சம்பழப் பொட்டலத்தோடு வந்து உட்கார்ந்தார். பதிவைத் திறந்தேன். ஏழெட்டுப் பேர் தொடையைத் தட்டிக்கொண்டு நின்றார்கள்.

"ஏன்னா, இது கபடி மாதிரின்னா இருக்கு," என்றாள் ஜெயந்தி. எனக்கு அவள்மேல்தான் கோபம் வந்தது.

அதற்கடுத்த முறை கார் ரேஸ். அதற்கடுத்த முறை ஏதோ ஓர் ஏரியில் ஒரு வெள்ளைக்காரர் தூண்டில் போட்டுக்கொண்டிருந்தார். தமிழ்ச் சேனலை விட்டு இங்கிலீஷ் சேனலுக்குப் போனேன், பழைய கிரிக்கெட் வந்தது. பெட்டியை அணைத்துப் போட்டேன். ஒயரைப் பிடுங்கிச் செருகினேன். அடையாறிலிருந்து ஒரு டெக்னீஷியன் வந்து, மொட்டைமாடிக்குப் போய் டிஷ் குடையைத் திருகிவிட்டு வந்து, "சிக்னல் சூப்பரா கீது சார்," என்றார். சிக்னலைப் பற்றி யார் கேட்டார்கள்? சேனலுக்கு மூன்று கடிதம் எழுதினேன். உங்கள் ஆதரவுக்கு நன்றி என்று மூன்று பதில் வந்தது.

ஒவ்வொரு ஞாயிறும் பாய் வந்தார். ஒவ்வொரு ஞாயிறும் தவறான ஆட்டம். எனக்கு அவமானமாக இருக்கும், டி.வி.யை அணைக்கப் போவேன். அவர் விடமாட்டார். "வந்தது வந்தாச்சு, பாப்போம் சார்," என்று கபடிக்கும் தீர்ப்புச் சொல்வார், கார் ரேஸுக்கும் தீர்ப்புச் சொல்வார். தூண்டில்காரர் தூக்கிக் காட்டிய மீன் அவர் சொன்ன அளவு இருக்காது என்றுகூடத் தீர்ப்புச் சொன்னார்.

அப்படி ஒரு ஞாயிற்றுக்கிழமைதான் ஜெயந்தி, சைடு என்றால் என்ன, எட்ஜ் என்றால் என்ன, எப்படிக் கண்டுபிடிப்பது என்று அவரைக் கேட்டாள். சட்டைப் பையிலிருந்து ஒரு பந்தை எடுத்தார். எங்கள் சாப்பாட்டு மேஜையில் குழம்புப் பாத்திரத்தை நகர்த்திவிட்டு ஓரத்தில் தட்டிக் காட்டினார். "எட்ஜுல பட்டா பந்து மேல எழும்பும்மா. சைடுல பட்டா கீழ எறங்கும். பட்ட எடத்தைப் பாக்க முடியாது. எங்க போவுதுன்னு பாக்கணும். அவ்ளோதான் வித்தை." பந்து உருண்டு பிரிட்ஜுக்கு அடியில் போய்விட்டது. இருக்கட்டும், அடுத்த வாரம் எடுத்துக்கொள்கிறேன் என்றார். அவரும் மறந்தார், நாங்களும் மறந்தோம்.

கடைசியில் வெறுத்துப்போய், அந்தச் சேனலில் மதியம் முழுக்க வருவதையெல்லாம் பதிவு செய் என்று பெட்டிக்குச் சொல்லிவிட்டேன். அது நிகழ்ச்சிவாரியாகப் பிரித்துப் பிரித்துப் பெயர் போட்டு வைத்தது. கபடி, கார் ரேஸ், டேபிள் டென்னிஸ், மீன்பிடி. நான் என்ன செய்தேன்? டேபிள் டென்னிஸ் என்று எழுதியிருந்ததை மட்டும் திறந்தேன். அதில் வேறு ஏதாவது இருக்கும். ஆத்திரத்தில் மற்ற எல்லாவற்றையும் திறக்காமலே அழித்தேன்.

"மத்ததையும் ஒருதபா தொறந்து பாத்துடலாமே சார்," என்றார் பாய்.

"அதுல கபடின்னு எழுதியிருக்கே பாய்."

"எழுதியிருந்தா இன்னா சார்?"

நான் அழிக்கும் பொத்தானை அழுத்திக்கொண்டே இருந்தேன். அவர் அதற்குமேல் வற்புறுத்தவில்லை. என் வீடு, என் பெட்டி என்று நினைத்திருப்பார். இதை எழுதும்போது எனக்கு என்னை அறைந்துகொள்ள வேண்டும்போல் இருக்கிறது.

நான் கண்மண் தெரியாமல் அழிப்பதைப் பார்த்துப் பயந்து, ஜெயந்தி தன் மார்கழிக் கச்சேரிப் பதிவைக் காப்பாற்ற அதற்குப் பூட்டுப் போட்டாள். அந்தப் பெட்டியில் அப்படி ஒரு வசதி உண்டு. ஆனால் ஒரு வரி தள்ளி அழுத்திவிட்டாள். பூட்டு ஒரு கபடியின்மேல் விழுந்தது. கச்சேரியை நான் அழித்துவிட்டேன். இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. பூட்டை எப்படி எடுப்பது என்று இருவருக்கும் தெரியாமல், அந்தக் கபடி மட்டும் மாதக்கணக்கில் பட்டியலில் உட்கார்ந்துகொண்டு என்னை எரிச்சல்படுத்தியது. சேனல் டேபிள் டென்னிஸ் காட்டுவதையே நிறுத்திவிட்டது. பாயும் மெல்லக் கேட்பதை நிறுத்திவிட்டார்.

அடக்கம் முடிந்து நான்கைந்து நாள் கழித்து வாடிக்கையாளர் சேவையிலிருந்து அவர்களே கூப்பிட்டார்கள். பதிவைத் திறந்து ஓடவிட்டு, ஓடும்போதே பூட்டை எடுங்கள், பிறகு அழியும் என்றார்கள். திறந்தேன்.

பச்சை மேஜை. நாற்காலியில் பாய்.

பட்டியலில் எழுதியிருந்தது ஒன்று, சேனல் காட்டியது ஒன்று. அவ்வளவுதான் பிரச்சினை. பெட்டியில் ஒரு கோளாறும் இல்லை. இப்படிப் பெயர் மாறி எத்தனை முறை இந்த ஆட்டம் என் வீட்டுக்கு வந்ததோ, எத்தனை முறை நான் அழித்தேனோ தெரியாது. இது ஒன்று மட்டும், பூட்டு விழுந்த பிறகு அவர் வந்த அத்தனை ஞாயிற்றுக்கிழமைகளிலும், அவர் உட்கார்ந்திருந்த சோபாவுக்கு எதிரிலேயே இருந்திருக்கிறது.

கடைசிப் பாயிண்ட் இருக்கிறது. சேனலே அதை மெதுவாக இரண்டு முறை காட்டுகிறது. பந்து மேஜை ஓரத்தில் பட்டு மேலே எழும்புகிறது. சந்தேகத்துக்கே இடமில்லை, சாப்பாட்டு மேஜையில் காட்டினாரே, அதேபோல். அது எட்ஜ். பாய் அன்று தவறு செய்தார். அவர் கேட்ட இன்னொரு கேள்விக்கு மட்டும் பதில் கிடைக்கவில்லை. கையைத் தூக்கும்போது கேமராவில் அவர் தோள்தான் தெரிகிறது, முகம் தெரியவில்லை.

"போனவரைப் பத்தி இதையெல்லாம் எழுதிண்டு இருக்காதீங்கோ. நன்னாவா இருக்கும்?" என்றாள் ஜெயந்தி. நன்றாக இருக்காதுதான். ஆனால் இடம் மாறிய இரண்டு கண்ணாடிக்காக இரண்டு பஸ் மாறி வந்தவர் அவர். அவருக்காக நடக்க வேண்டியவன் இப்போது நான்தான். ரேவதிக்குப் போன் செய்தேன். பதிவைப் பார்த்தேன், அது எட்ஜ்தான் என்றேன்.

"தெரியும் அங்கிள்," என்றாள். "அன்னிக்கே தெரியும். ஊருக்குக் கெளம்பறதுக்கு முன்னாடி அவர் கடைக்குக் கண்ணாடி போடப் போனேன். என் மூஞ்சியையே பாத்துக்கிட்டு இருந்தாரு. கேட்டுடப் போறாரேன்னு பயந்து, பிரேமைக்கூட சரியாப் பாக்காம வாங்கிட்டு ஓடி வந்துட்டேன்."

நான் அடுத்ததைச் சொல்ல வாயெடுப்பதற்குள் அவளே சொன்னாள்: "பஷீர் அங்கிள்கிட்ட மட்டும் சொல்லிடாதீங்க. ஒடனே ரயிலேறி வந்து நிப்பாரு. இந்த வயசுல எதுக்கு அலையணும்?"

அவளுக்குச் செய்தி போய்ச் சேரவில்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. சொன்னேன். வெகுநேரம் இருவரும் போனை வைக்கவில்லை.

அந்தப் பந்தை பிரிட்ஜை நகர்த்தி எடுத்துவிட்டேன். அது என் சட்டைப் பையில் இருக்கிறது, கிளப்புக்கு வரும்போது பார்ப்பீர்கள். பதிவின் பூட்டை எடுக்கவில்லை. பெயரை மாற்ற அந்தப் பெட்டியில் வழி கிடையாது, கேட்டுப் பார்த்துவிட்டேன். அன்று அரங்கத்தில் கத்தியவர்கள், சிரித்தவர்கள், யார் வேண்டுமானாலும் ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வாருங்கள். கபடி என்று எழுதியிருக்கும். திறந்து பாருங்கள்.