ரத்தத்துக்குக் கருப்பட்டி

பல் துலக்கும்போது ஈறில் ரத்தம் வந்தது. மறுநாள் தொடையில் கன்றிப்போன நீலத் திட்டு. எங்கேயும் இடித்துக்கொண்ட நினைவில்லை. பாளையங்கோட்டை மருத்துவர் பரிசோதனை முடிவைப் பார்த்துவிட்டு, என் முகத்தைப் பார்க்காமல் கணவரிடம், "இன்னைக்கே மதுரைக்குக் கிளம்புங்க" என்றார். லுகேமியா (ரத்தப் புற்றுநோய்). எனக்கு அழுகைகூட வரவில்லை. காது அடைத்துக்கொண்டது, அவ்வளவுதான்.

கீமோவுக்கு (புற்றணுக்களை அழிக்கும் மருந்து) அப்புறம் ஸ்டெம் செல் மாற்று சிகிச்சை (இன்னொருவரின் ரத்த மூல அணுக்களை ஏற்றுவது) வேண்டும் என்றார்கள். கல்லிடைக்குறிச்சியில் இருக்கும் என் அக்காவின் திசு பொருந்தியது. அதற்காகப் போட்ட ஊசிகளால் அவளுக்கு எலும்பெல்லாம் வலி. கேட்டால், "மழைக்காலம்லா, அப்படித்தான் இருக்கும்" என்பாள். அவள் கொடுத்ததில் பிழைத்தேன்.

இதே படுக்கையில் இருப்பவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். பிழைத்த பிறகு ஒரு பாரம் வந்து உட்காரும். வாங்கியதை எப்படித் திருப்புவது?

நோய் வருவதற்கு முன், கணவரின் வேலைக்காக ஜப்பானில் நகோயாவில் பல ஆண்டுகள் இருந்தோம். பெற்ற நன்மையை அங்கே 'ஒன்' என்பார்கள். தலையில் ஏறிய சுமை அது, சும்மா இறக்கிவைக்க முடியாது. நோயாளி தேறியதும், பார்க்க வந்தவர்களுக்கெல்லாம் பதில் பரிசு அனுப்புவார்கள். 'கைக்கி இவாய்' (குணமான மகிழ்ச்சிப் பரிசு) என்று பெயர். சர்க்கரை, சோப்பு, தேயிலை என்று தீர்ந்துபோகிற பொருளாகத்தான் கொடுப்பார்கள். நோயும் அதோடு தீர்ந்துவிட வேண்டுமாம். எதிர்வீட்டுப் பெண்மணி தந்த சர்க்கரையைக் காப்பியில் போட்டுக் குடித்தபடி, என்ன நாகரிகம் என்று வியந்திருக்கிறேன்.

மாதம் ஒருமுறை வந்தால் போதும் என்று மருத்துவர் சொன்னதும், உடன்குடிக் கருப்பட்டி வரவழைத்து, ஆப்பிளோடு என்னைப் பார்க்க வந்த அத்தனை பேருக்கும் ஓலையில் முடைந்த சிறு கொட்டானில் அனுப்பினேன். அக்காவுக்குப் பெரிய கொட்டான்.

மறுநாளே அக்கா பஸ் ஏறி வந்துவிட்டாள். கட்டுப் பிரிக்காத கொட்டானை வாசலில் வைத்தாள். முகம் வெளிறியிருந்தது.

"ஏட்டி, டாக்டர் கைய விரிச்சிட்டாரா? சாவப் போறோம்னு எல்லாருக்கும் பங்கு வைக்கியா?"

பதறிப்போய் ஜப்பான் வழக்கத்தை விளக்கினேன். கேட்டபின் அவள் முகம் இன்னும் மோசமாயிற்று.

"அப்போ கணக்கத் தீத்துட்ட. என் ரத்தத்துக்குக் கருப்பட்டி. சரி, இருக்கட்டும்."

ஒரு வாய் தண்ணீர்கூடக் குடிக்காமல் போனாள். அதன்பின் நான் அழைத்தால் போனை எடுக்கவில்லை. நோய் வந்தபோதுகூட நான் இப்படி ஆடிப்போனதில்லை.

அடுத்த பரிசோதனையில் இன்னொரு இடி. கைமெரிசம் (ரத்தத்தில் கொடுத்தவர் அணு எவ்வளவு, நம் அணு எவ்வளவு என்ற கணிப்பு) சரியில்லை. என் பழைய அணுக்கள் தலைதூக்குகின்றன. "உங்க அக்காகிட்ட இருந்து மறுபடி வெள்ளை அணு எடுக்கணும்மா" என்றார் மருத்துவர். எந்த முகத்தோடு கேட்பது?

கணவர் தானே பேசுவதாகச் சொன்னார். அது முறையில்லை என்று நானே கல்லிடைக்குறிச்சிக்குப் போனேன். அக்கா மாடியில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். நான் சொல்லி முடிப்பதற்குள், "என்னைக்கு வரணும்?" என்றாள். நாலு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை.

மதுரையில் எனக்கு அணுக்களை ஏற்றுவதற்குமுன் நர்ஸ் என் ரத்த வகையைச் சரிபார்த்தார். பி பாசிட்டிவ்.

பக்கத்தில் இருந்த அக்கா நிமிர்ந்தாள். "அவ ஓ பாசிட்டிவ்லா? பி என்னோடது."

மாற்று சிகிச்சைக்குப் பிறகு, கொடுத்தவரின் வகைக்கே ரத்தம் மாறிவிடும் என்று நர்ஸ் சொன்னார். எனக்கு முன்பே தெரியும். அவளுக்குத்தான் யாரும் சொல்லியிருக்கவில்லை.

அக்கா திகைத்துப்போய் என் கையையே வெகுநேரம் பார்த்தாள்.

"அப்போ திருப்பிக் குடுக்கணும்னா நீயேல்லா எங்கிட்ட வந்து சேரணும்" என்றாள். "இதுக்குப் போயி கருப்பட்டி அனுப்புதியே."

நான் அழுதேன். அவள் பைய என் தலையைத் தடவிக்கொடுத்தாள்.

குணமாகிவிட்டது என்று மருத்துவர்கள் இன்னும் சொல்லவில்லை. நானும் இப்போதெல்லாம் கேட்பதில்லை. யாராவது என் வயதைக் கேட்டால், அக்காவின் வயதுதான் முதலில் வாயில் வருகிறது.