ரோசம்மாக்கா சுமந்த சோறும் சொல்லும்

கோலா தெர்லாவிலிருந்து காய்கறி ஏற்ற வரும் லோரிக்காரர் அன்று எங்கள் கடை வாசலில் வண்டியை நிறுத்திவிட்டு, வந்ததும் வராததுமாகக் கேட்கும் தேநீரைக் கேட்காமல் நின்றார். "அக்கா, உங்க தோட்டத்து ரோசம்மா போயிட்டாங்களாம். காலைல அடுப்பப் பத்த வெச்சிட்டு உக்காந்தவங்க அப்படியே சாஞ்சிட்டாங்களாம்" என்றார். கையிலிருந்த வெங்காயக் கூடையைக் கீழே வைத்தேன். கடையில் நின்றிருந்த இரண்டு பெண்களும் அதே தேயிலைத் தோட்டத்தில் பிறந்து, என்னைப்போல் கம்போங் ராஜாவுக்குக் குடிவந்தவர்கள். மூவரும் அரிசி மூட்டைகளுக்கு நடுவில் உட்கார்ந்து அழுதோம். உப்பு வாங்க வந்த சீனக் கிழவர் எங்களைப் பார்த்துவிட்டு, தாமே உப்பை எடுத்துக்கொண்டு, காசை மேசைமேல் வைத்துவிட்டுச் சத்தமில்லாமல் போனார்.

ரோசம்மாக்காவை அறிந்தவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். உங்களில் பலர் அவரிடம் திட்டு வாங்கியவர்கள். அதைவிடப் பலர் அவர் கையால் சாப்பிட்டவர்கள். கூடையை மாட்டிக்கொண்டு கொழுந்தெடுக்க இறங்கினால் அவருக்கு முன்னால் யாரும் போக முடியாது. இந்த மலையில் குரல் கொடுத்தால் அடுத்த மலையில் கேட்கும். அவர் கணவர் சூசை அண்ணன் கொழுந்து லோரி ஓட்டினார். அவர் வாய் திறந்து நான் பார்த்தது குறைவு. "எங்க வீட்டுக்கு ஒரு வாய் போதும்னு கல்யாணத்தன்னிக்கே பேசி முடிச்சிட்டோம்" என்பார் அக்கா. இதையெல்லாம் நீங்களே என்னைவிட நன்றாகச் சொல்வீர்கள். நான் சொல்ல வந்தது அவர் மேல் விழுந்த ஒரு சொல்லைப் பற்றி. கம்யூனிஸ்ட் என்ற சொல்.

இன்றைய பிள்ளைகளுக்கு அது பத்திரிகையில் படிக்கும் வெறும் சொல். எழுபதுகளில் அப்படி இல்லை. காட்டுக்குள் இன்னும் ஆட்கள் இருந்தார்கள். சாலையில் ராணுவ வண்டிகள் போய்க்கொண்டிருந்தன. அந்தப் பெயர் ஒருவர் மேல் ஒட்டிக்கொண்டால் வேலை போகும், வேலையோடு தோட்டம் கொடுத்த லயத்து வீடும் போகும், ஒருநாள் ஆளும் ஜீப்பில் ஏறிப் போய்விடுவார். அப்படிப்பட்ட சொல்லை எங்கள் தோட்டத்தில் உப்பைப்போல எல்லாவற்றிலும் அள்ளிப் போட்டார்கள். ஏன் என்று கேட்கிறவன் துரைக்குக் கம்யூனிஸ்ட். தன்னைக் கண்டதும் தலைத்துண்டை எடுக்காதவன் வேலை வாங்கும் மண்டோருக்குக் கம்யூனிஸ்ட். திருவிழாவுக்கு வரி கொடுக்க மறுத்தவனைக் கோயில் தலைவர் அப்படிச் சொன்னார்; ஞாயிற்றுக்கிழமை ஜெபத்துக்கு வராதவனை உபதேசியார் சொன்னார். என் மாமியார் ஒருமுறை வந்திருந்தபோது, குழம்பில் புளி போதும் என்று எதிர்த்துச் சொன்ன குற்றத்துக்காக என்னையும் அந்தக் கட்சியில் சேர்த்துவிட்டுப் போனார்.

அக்காவுக்கு அந்தப் பெயர் வந்ததற்குக் காரணம் பிடியரிசி. வெளியாருக்காகச் சொல்கிறேன்: எங்கள் லயத்தில் ஒவ்வொரு வீட்டிலும் உலைக்கு அரிசி எடுக்கும்போது ஒரு பிடியைத் தனியே எடுத்து வைப்பார்கள். சாயங்காலம் அது அக்கா வீட்டுப் பானைக்குப் போகும். காய்ச்சலில் கிடப்பவர்கள், பிள்ளை பெற்றவர்கள், சமைக்க ஆளில்லாத வீட்டுக்காரர்கள் இவர்களுக்கு அந்த அரிசி சோறாகும். யார் வீட்டு அரிசி யாருக்குப் போனது என்று கேட்கக்கூடாது. அது ஒன்றுதான் சட்டம். மாரியம்மன் கோயில் குடும்பமும் மாதா கோயில் குடும்பமும் அந்தப் பானையில் மட்டும் சண்டையில்லாமல் வெந்தன.

நான் கீழ்நாட்டு ரப்பர் தோட்டத்திலிருந்து வாழ வந்தவள். எங்களுக்குக் கிடைத்த வீடு மேல் லயத்தில் இருந்தது; அதற்குப் பின்னால் நாலு வரிசை தேயிலை, அப்புறம் காடு. என் வீட்டுக்காரர் திரிங்காப்பில் காய்கறித் தோட்டத்தில் தங்கி வேலை செய்துவிட்டு வாரக் கடைசியில்தான் வருவார். தலைப்பிள்ளை பிறந்தபோது தாயும் பக்கத்தில் இல்லை, மாமியாரும் கோபத்தில் இருந்தார். வேலை முடிந்து, ஈரச்சேலையை மாற்றிக்கொண்டு, சோற்றுத் தூக்கோடு ஏறி வந்தது ரோசம்மாக்காதான். பூண்டுக் குழம்பும் சுட்ட கருவாடும் இருக்கும். "பச்ச ஒடம்புக்காரி பசியோட படுத்தா பாலு எங்கேருந்து ஊறும்? தின்னு புள்ள, பேசாம தின்னு" என்பார். நான் பேசியதே இல்லை, பேசிக்கொண்டிருந்ததெல்லாம் அவர்தான்.

அதற்குச் சற்று முன்புதான் துரை மலை பார்க்க வந்திருந்தார். கொழுந்து நிறுக்கும் இடத்தில் நாங்கள் மழையில் நனைந்துகொண்டு நின்றோம். பறித்த கொழுந்தின் மேல் தார்ப்பாய் போட்டிருந்தது. அக்கா முன்னால் போய், "எலைக்குத் தார்ப்பாய் போட்டிருக்கீங்க தொரை, நல்லது. எங்களுக்கு எப்ப?" என்று கேட்டுவிட்டார். இதைத் துரைக்கு மொழிபெயர்த்துச் சொல்ல வேண்டிய ஆபீஸ் கணக்கர் பெரிய கிராணிக்கு முகம் கறுத்துப்போனது. தொழிலாளர்களுக்கு ஒரு குறையும் இல்லை என்று அதுவரை துரையிடம் சொல்லிவந்தவர் அவர்தான். சில நாட்களிலேயே, மங்கும் வெளிச்சத்தில் காட்டுப் பக்கம் போகும் பாதையில் அக்கா தூக்கோடு ஏறுவதை அவர் பார்த்திருக்கிறார். "காட்டுக்குச் சோறு போகுது. அவ கம்யூனிஸ்ட்டு" என்று ஆபீசில் சொன்னார். மறுநாள் கொழுந்து மலை முழுக்க அதே பேச்சு.

ஐம்பதுகளில் வெள்ளைக்காரன் கம்யூனிஸ்ட்டுகளை ஒடுக்கப் போட்ட அவசரகாலத்தைக் கண்ட பெரியவர்களுக்குச் சோற்றுப் பாத்திரமும் காட்டுப் பாதையும் ஒன்றாக நினைவுக்கு வந்தால் போதும், உடம்பு நடுங்கிவிடும். காட்டிலிருப்பவர்களுக்குப் போய்விடும் என்று, அந்த நாட்களில் ஒரு கவளம் வெளியே போனாலும் குற்றம். அதனால் ஒவ்வொரு வீடாகப் பிடியரிசி நின்றது. யாரும் சண்டை போடவில்லை. "இன்னிக்கு மறந்துட்டேன் ரோசம்மா" என்றார்கள், அவ்வளவுதான். பானையில் அக்கா வீட்டு அரிசி மட்டும் மிஞ்சியது. அவருக்கும் மூன்று பிள்ளைகள். எனக்கு விஷயம் தெரிந்ததும், "வராதீங்கக்கா, ஒங்க வேலைக்கே ஆபத்து" என்று அழுதேன். "நீ அழுதா புள்ளைக்கு ஆகாது" என்று சொல்லிக் குழம்பை ஊற்றினார்.

போலீஸ் வந்தது ஒரு சனிக்கிழமை மாலை. மலாய்க்கார சார்ஜனும் கூட இரண்டு பேரும் வந்தார்கள். பின்னாலேயே பெரிய கிராணி குடை பிடித்துக்கொண்டு வந்தார். யாருக்குச் சோறு போகிறது என்று பார்க்க வந்தவர்கள் பார்த்தது என்னை. பாயில் உட்கார்ந்து, வாய் நிறையச் சோற்றோடு விழித்துக்கொண்டிருந்தேன். அக்கா என் பிள்ளையைத் தூக்கி சார்ஜனின் முகத்துக்கு நேரே நீட்டினார். "இனிலா துவான், கொமுனிஸ். கிகி பெலும் அடா" என்றார். இதுதான் ஐயா அந்தக் கம்யூனிஸ்ட், இன்னும் பல் முளைக்கவில்லை. சார்ஜன் பிள்ளையைப் பார்த்தார், கிராணியைப் பார்த்தார், சிரித்துவிட்டார். பிள்ளையின் கன்னத்தைத் தட்டிவிட்டு இறங்கிப் போனார். கிராணி சிரிக்கவில்லை. அவர்கள் போன பிறகு அக்கா சுவரில் சாய்ந்து உட்கார்ந்தார்.

போலீஸ் போய்விட்டது, சொல் போகவில்லை. பல மாதங்கள் பானை பாதிகூட நிறையவில்லை. அப்புறம் பெரிய கிராணியின் மனைவிக்கு அம்மை போட்டது. வீட்டு வேலைக்காரப் பெண் வர மறுத்துவிட்டாள். கிராணிக்கு வெந்நீர் வைக்கவும் தெரியாது. வேறு வழியில்லாமல் லயத்துக்கு இறங்கி வந்து அக்கா வீட்டு வாசலில் நின்றார். எல்லா வாசலிலும் ஆட்கள் நின்று பார்த்தார்கள். அம்மை கண்ட வீட்டுக்கு ஆகாது என்று தாளிக்காமல், மாதா கோயிலுக்குப் போகிற அக்கா மாரியம்மன் முறைப்படி சமைத்து, தூக்கை மூடி வாசலில் வைத்தார். "நீங்க வந்து குடுக்கலயா?" என்றார் கிராணி. "நான் தூக்கினா கம்யூனிஸ்ட்டுச் சோறுன்னு சொல்லுவாங்க, கிராணியாரே. நீங்களே தூக்கிட்டுப் போங்க" என்றார் அக்கா.

ஒரு குடையைத் தவிர வேறெதையும் தொழிலாளர்கள் முன்னால் தூக்கி அறியாத மனிதர், சோற்றுத் தூக்கோடு லயம் முழுக்க நடந்தார். அவர் மனைவி எழுந்து நடமாடும் வரை தினமும் வந்து வாங்கிப்போனார். யாரும் கேலி செய்யவில்லை; செய்தால் அக்கா விட்டிருக்க மாட்டார். "பொஞ்சாதிக்காகத் தூக்குறாரு. அதுல என்னா சிரிப்பு?" என்று அதட்டினார். அந்த வாரமே கோயில் தலைவர் வீட்டிலிருந்து பிடியரிசி திரும்ப வந்தது. பிறகு எல்லா வீட்டிலிருந்தும் வந்தது. நிறுக்கும் இடத்துக்குத் தகரக் கூரையும் வந்தது. அதைத் தானே கேட்டு வாங்கியதாகக் கிராணி சொல்லிக்கொண்டார். "சொல்லிட்டுப் போறாரு, நனையாம இருந்தா சரி" என்றார் அக்கா.

போலீஸ் வந்த நாளிலிருந்தே அக்கா என் மகன் முருகேசனைக் கம்யூனிஸ்ட் என்றுதான் கூப்பிட்டார். அவனும் அந்தப் பெயருக்கே திரும்பிப் பார்க்கப் பழகிவிட்டான். எண்பதுகளின் தொடக்கத்தில் ஒருநாள் மூவரும் கீழே போகும் பஸ்ஸில் இருந்தோம். வழியில் ராணுவத்தினர் தடுப்புப் போட்டு, எல்லாரையும் இறக்கி அடையாள அட்டை பார்த்தார்கள். பையனுக்கு ஒன்றுக்கு முட்டிக்கொண்டு வந்திருக்கிறது. சொல்லாமல் புதரை நோக்கி ஓடினான். அக்கா தன் முழுக்குரலையும் எடுத்து, "டேய் கம்யூனிஸ்ட்டு, காட்டுக்குள்ள போவாதடா" என்று கத்தினார். தமிழ் தெரியாத ராணுவக்காரர்களுக்கு அந்த ஒரு சொல் மட்டும் தெளிவாகப் புரிந்தது. ஒரு கணத்தில் எல்லாத் துப்பாக்கிகளும் புதர்ப் பக்கம் திரும்பின. என் மகன் கால்சட்டையைப் பிடித்துக்கொண்டு, இரண்டு கைகளையும் தூக்கவும் முடியாமல் விடவும் முடியாமல் வெளியே வந்தான்.

எங்கள் மூவரையும் சாலையோரத்தில் வெகுநேரம் உட்காரவைத்தார்கள். நான் எரிந்து விழுந்தேன். "ஒங்க வாய்க்கு ஒரு பூட்டு போடுங்கக்கா. எம்புள்ளைய சுட்டிருப்பானுங்க" என்றேன். அக்கா பையனைத் தன் மடியில் இழுத்து உட்காரவைத்துக்கொண்டார். பிறகுதான், அத்தனை வருடங்களில் முதல்தடவையாக, தன் அப்பாவைப் பற்றிச் சொன்னார்.

"எங்கப்பா ரப்பர் வெட்டுனவரு. அந்த அவசரகாலத்துல வேலைக்குச் சோறு கொண்டுபோகக் கூடாது. மத்தியானம் வரைக்கும் பசி தாங்கல. டின்னுல கொஞ்சம் ஒளிச்சு எடுத்துட்டுப் போனாரு. கேட்டுலயே புடிச்சிட்டாங்க. கம்யூனிஸ்ட்டுக்குக் கொண்டுபோறாருன்னு சொல்லிக் கூட்டிட்டுப் போனாங்க. கப்பல்ல ஏத்தி நாடு கடத்திட்டாங்கன்னு பின்னால கேள்விப்பட்டோம். அவரு திரும்பி வரல."

"இது தெரிஞ்சுமாக்கா எனக்குச் சோறு தூக்கிட்டு ஏறி வந்தீங்க?" என்றேன்.

"நீ பசியா கெடந்தியே புள்ள" என்றார். பையனின் கால்சட்டைப் பொத்தானைப் போட்டுவிட்டபடி, "அந்தச் சொல்லக் கேட்டா சின்ன வயசுலேருந்து எனக்கு வயித்தால போகும். ஒம்மவனுக்கு வெச்சுக் கூப்புட்ட பொறவுதான் பயம் போச்சு" என்றார். அதன் பிறகு வெளியிடத்தில் அவனை முருகேசன் என்றே கூப்பிடுவதாக வாக்குக் கொடுத்தார். கொடுத்த வாக்கைக் காப்பாற்றினார், பெரும்பாலும்.

சென்ற மாதம், எண்பத்தொன்பதின் கடைசியில், காட்டிலிருந்தவர்கள் சமாதானத்துக்குக் கையெழுத்திட்டுவிட்டார்கள் என்று பத்திரிகையில் வந்தது. தோட்டத்துக்குப் போயிருந்தபோது அதை அக்காவுக்குப் படித்துக் காட்டினேன். அவர் வெற்றிலையை மென்றபடி கேட்டுக்கொண்டிருந்தார். "அப்ப இனிமே நம்மள என்னா சொல்லித் திட்டுவாங்களாம்?" என்றார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, "ரெண்டு பக்கமும் எத்தன வீட்டுல ஒல வெக்க ஆளில்லாம போச்சோ" என்றார். அதுதான் அவரை நான் கடைசியாகப் பார்த்தது.

கம்போங் ராஜாவில் லயம் இல்லை, பொதுப் பானையும் இல்லை. ஆனாலும் உலைக்கு அரிசி எடுக்கும்போது ஒரு பிடியைத் தனியே வைக்காமல் இருக்க என் கைக்குத் தெரியாது. பின்வீட்டில் தனியாக இருக்கும் சீனக் கிழவருக்கு அது கஞ்சியாகிறது. அன்று உப்பு வாங்க வந்தவர்தான் அவர். அக்காவிடமிருந்து இந்தப் பிடியரிசியை நான் வைத்துக்கொண்டேன். சொல்லை வைத்துக்கொண்டவன் என் மகன்.

அடக்கத்தன்று பெட்டியைத் தூக்க அக்காவின் பிள்ளைகளும் மருமகன்களும் வரிசையாக நின்றார்கள். பதினைந்து வயது முருகேசன், நெற்றியில் திருநீறோடு, போய் அவர்களுக்கு நடுவில் தோளைக் கொடுத்தான். உபதேசியார் அவனைத் தடுத்தார். முன்பு ஜெபத்துக்கு வராதவர்களையெல்லாம் கம்யூனிஸ்ட் என்று சொன்ன அதே உபதேசியார்தான். இப்போது அவருக்குக் கண் சரியாகத் தெரிவதில்லை. "சொந்தக்காரங்கதான் தூக்கணும் தம்பி. நீ அவங்களுக்கு என்னா வேணும்?" என்று கேட்டார்.

"நான் அவங்களோட கம்யூனிஸ்ட்டு" என்றான் என் மகன்.

அழுதுகொண்டிருந்த பெண்களில் யாரோ சிரித்துவிட்டார்கள். உபதேசியார் அவன் தோளைத் தடவிப் பார்த்துவிட்டு, விலகி இடம் விட்டார்.