மாமா சொல்லச் சொல்ல எழுதிய மனு

எழுதுவதற்கு எனக்கு என்ன தகுதி என்று கேட்டால் பதில் இல்லை. பத்தாவதோடு நின்றவள். நாலு பேர் இருக்கும் இடத்தில் பேசவே கூச்சப்படுவேன். மேலும், கடைசியாக நான் பாடுபட்டு எழுதிய ஒரு மனு எங்கள் வீட்டை என்ன செய்தது என்பது எனக்குத் தெரியும். அதற்குப் பிறகு இப்போதுதான் எழுதுகிறேன். படிக்கிறவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அப்பா ஒரு காண்ட்ராக்டரின் லாரியில் மரம் ஏற்றி இறக்குகிறவர். தங்கச் சுரங்கத்துக்குள் பாறை சரியாமல் முட்டுக் கொடுக்கிற கட்டைகளை நந்திதுர்க் ஷாஃப்ட்டில், சுரங்கத்துக்குள் இறங்கும் வாயில், கொண்டுபோய்ப் போடும் லாரி அது. காண்ட்ராக்டரும் எங்களைப்போல வேலூர்ப் பக்கம். அப்பாவை மச்சான் என்பார். நான் அவரை மாமா என்பேன்.

அன்று இரண்டு ஆட்கள் வேலைக்கு வரவில்லை. நாலு பேர் தூக்க வேண்டிய கட்டைகளை அப்பாவும் இன்னொருவருமாகத் தூக்கினார்கள். பதினோரு மணிவாக்கில் அப்பா லாரி நிழலில் உட்கார்ந்து தண்ணீர் கேட்டார். தண்ணீர் வருவதற்குள் சாய்ந்துவிட்டார். உடம்பில் ஒரு கீறல் இல்லை. இதயம் நின்றுவிட்டது என்று டாக்டர் எழுதினார்.

சவப்பெட்டிக்கு முன்பக்கம் தோள் கொடுத்தவர் மாமாதான். மூன்றாம் நாள் வீட்டுக்கு வந்தார். அம்மா உள்ளே சுருண்டு படுத்திருந்தாள்.

"வேலையில செத்தா இன்சூரன்ஸ் கம்பெனி நஷ்டஈடு குடுத்தே ஆகணும். வேற இன்னாத்துக்கு அது? நீ ஒரு மனு எழுதும்மா. நானே அனுப்பறேன்."

மனு எழுதுவது எனக்குப் பழக்கம். லைன் என்று சொல்கிற எங்கள் வரிசை வீடுகளில் யாருக்கு வேண்டுமென்றாலும் என்னிடம்தான் வருவார்கள். எந்த மனுவிலும் ஒரு நோயாளியைச் சேர்த்துவிடுவோம். கூரை ஒழுகுகிறது என்றால் சரிசெய்ய ஆள் வரமாட்டான். ஒழுகும் கூரைக்குக் கீழே ஒரு காசநோய்க்காரர் படுத்திருக்கிறார் என்றால் வருவான். அதனால் மாமா சொன்ன வரியில் எனக்குச் சந்தேகம் வரவில்லை. இரண்டு மாதமாக அப்பாவுக்கு நெஞ்சுவலி இருந்தது, அதோடுதான் வேலைக்குப் போனார் என்று எழுதச் சொன்னார்.

"அப்பாவுக்கு நெஞ்சுவலியே இருந்ததில்லையே மாமா."

"எனக்குத் தெரியாதா? அரிசி மூட்டையத் தூக்கிக்கினு பாட்டு பாடற ஆளு உங்கப்பன். ஆனா படிக்கறவன் மனசு எறங்கணுமே. சும்மா செத்தாருன்னா எவன் எறங்குவான்? உங்க லைன் ஜனங்களுக்கு எழுதற மாதிரியே எழுது."

பள்ளிக்கூட இங்கிலீஷில், அடித்தல் திருத்தல் இல்லாமல் எழுதினேன். உள்ளே போய் அம்மாவின் கட்டைவிரலைப் பிடித்து ரேகை வைத்தேன். என்ன எழுதியிருக்கிறது என்று அவள் கேட்கவில்லை. நான்காக மடித்துக் கொடுத்தேன். "படிச்ச பொண்ணுன்னா இதான்" என்றார் மாமா. அந்தத் துக்கத்திலும் எனக்குக் கொஞ்சம் பெருமையாக இருந்தது.

பல மாதம் பதில் இல்லை. யாரோ சொல்ல, கோலாரில் நஷ்டஈட்டு அதிகாரியிடம் வழக்குப் போட்டோம். இன்சூரன்ஸ் கம்பெனியோடு, முதலாளி என்று மாமா பெயரையும் சேர்க்க வேண்டியிருந்தது. அந்தப் பணம் வந்தால்தான் அந்த வீட்டில் குடியிருக்க முடியும் என்கிற நிலை. அப்பாவோடு கட்டை தூக்கியவர் சாட்சிக்கு வருகிறேன் என்றார். வரவில்லை. அவருக்குப் பிழைப்பு மாமாவின் லாரியில்தானே.

விசாரணை அன்று இன்சூரன்ஸ் வக்கீல் இரண்டு நிமிடம்கூடப் பேசவில்லை. சாவுக்கு முன்பே பாலிசி காலாவதியாகிவிட்டது, முதலாளி புதுப்பிக்கவில்லை, இது வேலையால் வந்த சாவு என்றால் முதலாளிதான் கொடுக்க வேண்டும், கம்பெனிக்குப் பொறுப்பில்லை என்றார். நான் மாமாவைப் பார்த்தேன். அவர் முகத்தில் ஆச்சரியமே இல்லை. பெட்டிக்குத் தோள் கொடுத்த அன்றே அவருக்கு அது தெரியும்.

அடுத்து மாமாவின் வக்கீல் எழுந்தார். பையிலிருந்து நான்காக மடித்த ஒரு காகிதத்தை எடுத்தார். இது வேலையால் வந்த சாவு இல்லை, பழைய வியாதி, மகளே எழுதிக் கொடுத்திருக்கிறாள் என்று சொல்லி, இங்கிலீஷில் வாசித்தார்.

அம்மா என்னை இடித்தாள். "இன்னாடி படிக்கிறாரு?"

"அப்பாவுக்கு ரெண்டு மாசமா நெஞ்சுவலின்னு."

"எவன் சொன்னான் அப்படி?"

"நான்தாம்மா எழுதினேன். மாமா சொல்ல."

அதிகாரி கேட்டதைக் குமாஸ்தா தமிழில் கேட்டார். இது உன் கையெழுத்தா என்றார். ஆமாம் என்றேன். வலி இருந்ததா என்றார். இல்லை என்றேன். "இல்லாதத ஏம்மா எழுதின?" மனு என்றால் அப்படித்தான் எழுதுவோம் என்று சொல்ல நினைத்தேன். மாமா கைக்குட்டையை மடித்துக்கொண்டிருந்தார்.

சாயங்காலத்துக்குள் வழக்கைத் தள்ளிவிட்டார்கள். வாசலில் மாமா கிட்டே வந்தார்.

"மனசுல வெச்சிக்காதம்மா. எனக்கும் புள்ளகுட்டி கீது. வாங்க, கார்ல கொண்டுபோய் வுடறேன்."

"அவரத் தூக்கிக்கினு போனீங்களே, அது போதும்" என்றாள் அம்மா. "நீங்க போங்க. எங்களுக்குப் பஸ் கீது."

பஸ்ஸில் அவள் என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருக்கலாம்.

மறுநாள் காலை அந்த லாரி கட்டை ஏற்றிக்கொண்டு எங்கள் தெரு வழியாக நந்திதுர்க்குப் போனது. குழாயடியில் குடத்தோடு நின்ற அம்மா ஒதுங்கி வழிவிட்டாள்.