நேரம் கடவுளான நாடு

வெள்ளவத்தைச் சோதனைச் சாவடியில் பஸ்ஸை மறித்து எல்லோரையும் இறக்குகிறார்கள். எனக்கு முன்னால் நிற்கும் ரியூசன் ரீச்சரின் பையிலிருந்து சிப்பாய் ஒரு கொப்பியை எடுக்கிறான். பக்கமெல்லாம் தமிழ் எழுத்து, நடுவில் ஒரு கடிகாரப் படம். குண்டுக்கு நேரம் குறித்த படமோ என்று அவன் முகம் இறுகுகிறது.

ரீச்சர் அவனைத் தம்பி என்ற பொருளில் 'மல்லி' என்றழைத்து, சிங்களத்தில் நிதானமாகச் சொல்கிறார். சிங்களம் புழங்கும் கண்டியிலிருந்து வந்த எனக்கும் அது விளங்குகிறது.

"கதை எழுதுறன், மல்லி. ஒரு நாட்டில நேரம்தான் கடவுள். ஆட்சி பூசாரிமாரின்ர கையில. பிந்தி வந்தால் பாவம், மறியல்தான், கம்பி எண்ண வேண்டியதுதான்."

சிப்பாய் யோசிக்கிறான். "ஆமிக்காரனுக்கு லீவு பிந்தினால்?"

"அது பெரிய பாவம். பூசாரியையே மறியலில போடுவினம்."

அவன் சிரித்துவிடுகிறான். கொப்பியை மூடி, இரண்டு கையாலும் நீட்டுகிறான். "அதையும் எழுதுங்கோ, அக்கே."

பஸ் புறப்பட முன்னமே ரீச்சர் எழுதத் தொடங்குகிறார்.