நீங்கும் கூட்டம்

ஒன்பதாம் ஆண்டோடு பள்ளிக்கூடத்தை விட்டவள் நான். அதற்குப் பிறகு கட்டுநாயக்காவில் தையல் தொழிற்சாலை, நீர்கொழும்பில் கருவாட்டு வாடி, மாலைதீவில் ஒரு விடுதியின் சலவை அறை என்று போய்க்கொண்டிருக்கிறது. எந்த இடத்திலும் இரண்டு வருடத்துக்கு மேல் நின்றதில்லை. ஆனாலும் சேதன இரசாயனத்தில் ஒரு சொல்லுக்கு மட்டும் எனக்குச் சரியான பொருள் தெரியும். படித்தவர்கள் சிலரிடம் சொல்லிப் பார்த்திருக்கிறேன். பிழை என்று எவரும் சொல்லவில்லை. நீங்கும் கூட்டம் என்பது அந்தச் சொல்.

சொல்லித் தந்தவர் சின்னம்மா, அம்மாவின் தங்கை. எனக்கு அப்போது பத்து வயது. வாவியின் மேற்குக் கரையில், இரும்புத் தட்டுப் போன்ற மிதவைப் படகில் ஏறிக் கடந்தால்தான் பஸ்ஸைக் காணலாம் என்ற ஊரில், நாங்கள் நான்கு பேர் இருந்தோம். அம்மா, சின்னம்மா, நான், மூன்றரை வயதுத் தம்பி. அப்பா முந்திய வருடம் வாழைச்சேனையிலிருந்து ஆழ்கடலுக்குப் போன படகோடு காணாமற் போயிருந்தார். வீட்டுத்திட்டத்தில் கிடைத்த வீடு சுவரோடு நின்றிருந்தது, மேலே தார்ப்பாய். அம்மா வெட்டுக் காலத்தில் வயல் வட்டைக்குக் கூலிக்குப் போவார். மற்ற நாட்களில் வாவியில் இறங்கிக் கையால் இறால் தடவுவார். மாரி வந்தால் இரண்டும் இல்லை.

சின்னம்மா உயர்தரப் பரீட்சைக்கு மூன்றாந்தடவை படித்துக்கொண்டிருந்தார். இடம்பெயர்ந்து திரிந்ததில் அவருக்கு இரண்டு வருடம் தொலைந்து போனது, வயது இருபத்துமூன்று. மூன்று தடவைக்கு மேல் பல்கலைக்கழகம் கிடையாது. பஸ்ஸில் வந்தாறுமூலையைக் கடக்கும்போது அவர் மட்டும் பல்கலைக்கழக வாசலைப் பார்க்காமல் மற்றப் பக்கம் பார்ப்பார். எனக்கு அது விளங்காத புதினமாக இருக்கும்.

அவர் சத்தம் போட்டுத்தான் படிப்பார். கேட்பதற்கு ஆள் வேண்டும், நான் இருந்தேன்.

"காபனுக்கு நாலு கை புள்ள. அதுக்கு மேல பிடிக்க ஏலா. புதுசா ஒண்டு வந்து பிடிக்கவேணுமெண்டா, பழைய ஒண்டு கைய விட்டுப் போகவேணும். அப்பிடிப் போறதுக்குத்தான் நீங்கும் கூட்டம் எண்டு பேர்."

"எது போகும்?"

"போன பிறகும் தனிய நிண்டு தாக்குப் பிடிக்கிறது எதோ, அது. அயடீன் மாதிரி. அதுதான் நல்ல நீங்கும் கூட்டம்."

"கெட்டது?"

"ஓ-எச். லேசில கைய விடாது. உங்கட அம்மா மாதிரி." குசினிப் பக்கம் பார்த்துக் குரலைக் கூட்டினார். "ஆனா அமிலம் கொஞ்சம் விட்டாக் காணும், தண்ணியா மாறிப் போயிரும்."

"அங்க என்னடி என்னப் போட்டுக் கிழிக்கிறீங்க?" என்று குசினியிலிருந்து அம்மா கேட்டார்.

இன்னொன்றும் சொன்னார். போகிறது வெறுங்கையோடு போகாதாம். பிணைப்பில் ஆளுக்கொன்றாகப் போட்ட இரண்டு இலத்திரனையும் எடுத்துக்கொண்டுதான் போகுமாம்.

"ஒண்டு மற்றாள்டதானே. களவா?"

"களவில்லகா. அப்பிடித்தான் போக ஏலும்" என்று சொல்லி, கொப்பியில் வளைந்த அம்புக்குறி ஒன்றை மெதுவாகக் கீறினார். அவர் கீறும் அம்புகள் அழகானவை.

அந்த வருடம் அம்மா வெளிநாடு போவதென்று முடிவாயிற்று. குவைத்தில் வீட்டு வேலை. தான் போனால் தங்கச்சி நிம்மதியாகப் பரீட்சை எழுதுவாள், எங்களையும் பார்ப்பாள் என்பது அம்மாவின் கணக்கு. ஒரே ஒரு தடை தம்பி. ஐந்து வயதுக்குக் கீழே பிள்ளை இருந்தால் தாயைப் போகவிட மாட்டார்கள். பிரதேச செயலகத்திலிருந்து ஆள் வந்து வீட்டைப் பார்த்து அறிக்கை எழுத வேண்டும்.

அதற்கும் ஏஜென்சிக்காரர் வழி சொல்லியிருந்தார். தம்பி வயதுக்கு மிஞ்சிய உயரம். ஐந்து முடிந்துவிட்டது, பிறப்புப் பத்திரம் வெள்ளத்தில் போய்விட்டது, என்று சொன்னால் போதும். சத்தியக் கடதாசியைத் தான் பார்த்துக்கொள்வாராம். எங்கள் பக்கத்தில் வெள்ளம் கொண்டுபோகாத பத்திரம் எந்த வீட்டில் இருக்கிறது? யாரும் நம்புவார்கள். அம்மா பத்திரத்தைப் பொலித்தீனில் சுற்றி அரிசிப் பேணிக்குள் தாழ்த்தினார். வயது கேட்டால் ஒரு கை விரல்களை விரித்துக் காட்டும்படி தம்பிக்குச் சீனி கொடுத்துப் பழக்கினார்கள். எனக்கு வாயைத் திறக்காமல் இருப்பது வேலை.

வந்தவர் ஒரு பெண் உத்தியோகத்தர். குடையும் கடதாசிக் கோவையுமாக மிதவையிலிருந்து இறங்கி, பக்கத்து வீட்டில் இரவல் வாங்கிப் போட்ட கதிரையில் இருந்தார். அம்மா நின்றுகொண்டே பதில் சொன்னார்.

"சின்னவருக்கு எத்தின வயசு?"

"அஞ்சு முடிஞ்சிட்டு மிஸ்."

தம்பி ஒரு கையை விரித்தான். அவர் சிரித்ததைக் கண்டதும் உற்சாகத்தில் மற்றக் கையையும் விரித்தான்.

"பத்தா? அப்ப நீங்கதான் வீட்டுக்குப் பெரியவர்" என்றார் அவர். "பிறப்புப் பத்திரம் இருக்கா அக்கா?"

"அது வெள்ளத்தில போயிட்டு மிஸ்." அம்மா என் பக்கம் திரும்பினார். "புள்ள, மிஸ்ஸுக்குத் தேத்தண்ணி கொண்டு வா."

நான் குசினிக்குப் போனேன். தேத்தண்ணியை ஆற்றினேன். பிறகு அரிசிப் பேணிக்குள் முழங்கை வரை கையை விட்டேன்.

"போகல்ல மிஸ். அம்மா மறந்திட்டா. இந்தா இருக்கு" என்று ஒரு கையால் கோப்பையையும் மறுகையால் பொலித்தீன் சுருளையும் நீட்டினேன்.

ஒட்டியிருந்த அரிசி மணிகளைத் தட்டிவிட்டு அவர் அதை வாசித்தார். மடித்துத் திரும்ப என் கையிலேயே தந்தார். தேத்தண்ணியை மிச்சம் வைக்காமல் குடித்தார். "இன்னும் ஒண்டரை வருஷம் பொறுங்க அக்கா. இத நான் எழுத ஏலா" என்றார். அவ்வளவுதான். அம்மா சொன்ன பொய்யைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசவில்லை. நல்ல மனிசி.

அம்மா என்னை அடிப்பார் என்று காத்திருந்தேன். அடிக்கவில்லை. பக்கத்து வீட்டுப் பெண் கதிரையை எடுக்க வந்தபோது, "வெள்ளாந்திப் புள்ள, அதுக்கென்ன தெரியும்" என்றார். எல்லோரும் அப்படித்தான் நினைத்தார்கள். அம்மா இன்றைக்கும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருக்கிறார்.

சின்னம்மா மட்டும் கிணற்றடியில் கோப்பையைக் கழுவிக்கொண்டே, என்னைப் பார்க்காமல் கேட்டார்.

"வேணுமெண்டுதானே எடுத்துக் குடுத்த?"

நான் தலையாட்டினேன்.

"சரி. ஆருக்கும் சொல்லாத."

எனக்கு உள்ளுக்குள் பெருமை. அம்மா போகவில்லை. அமிலம் ஊற்றிப் பார்த்தும் ஓ-எச் நகரவில்லை. நான்கு பேரும் நான்கு பேராக இருந்தோம்.

மூன்று நாள் கழித்து ஏஜென்சிக்காரர் மோட்டார் சைக்கிளோடு மிதவையில் வந்து இறங்கினார். கோபப்படவில்லை. "அக்காக்கு ஏலாட்டி தங்கச்சி இருக்காதானே. புள்ளகுட்டி இல்ல, ஒரு கரைச்சலும் இல்ல" என்றார்.

"அவ படிக்கிற புள்ள" என்றார் அம்மா.

"படிச்சு?"

தார்ப்பாய் காற்றில் அடித்துக்கொண்டிருந்தது. சின்னம்மா கொப்பியை மூடாமலேயே, "எப்ப போகவேணும்?" என்று கேட்டார்.

போகிற நாளன்று அவருடைய பையை நான் கிளறிப் பார்த்தேன். இரண்டு சட்டை, சீப்பு, ஒரு போத்தல் தேங்காய் எண்ணெய், அம்மா வறுத்துக் கொடுத்த கருவாடு. எங்களுடைய சாமான் ஒன்றும் இல்லை. புத்தகம் சொன்னது பிழை, சின்னம்மா ஒன்றையும் கொண்டுபோகவில்லை என்று நிம்மதிப்பட்டேன். அவர் போன பிறகு குசினியிலிருந்து "என்னடி அங்க?" என்று அம்மா கேட்பது நின்றுபோனது. அதை நான் கணக்கில் சேர்க்கவில்லை.

ஒரு மாதம் கழித்துத் தபால்காரர் ஒரு நீள உறை கொண்டுவந்தார். பரீட்சைக்கான அனுமதி அட்டை. சின்னம்மாவின் பெயர், பாடங்கள், நிலையம் எல்லாம் அச்சில் இருந்தன. அம்மா பார்த்துவிட்டு அரிசிப் பேணிக்குள் வைத்தார்.

வெள்ளிக்கிழமைகளில் சின்னம்மா அழைப்பார். வாவிக் கரையில் நின்றால்தான் போன் எடுபடும். அந்த வெள்ளி போன் என் கையில் இருந்தது; அம்மா கொஞ்சம் தள்ளி இடுப்பளவு தண்ணீரில் இறால் தடவிக்கொண்டிருந்தார். அட்டையை நான் சட்டைக்குள் வைத்துக் கொண்டுவந்திருந்தேன்.

"சின்னம்மா, உங்கட சோதனை அட்டை வந்திட்டு!"

மற்றப் பக்கத்தில் தண்ணீர்க் குழாய் ஓடும் சத்தம் மட்டும் வந்தது. பிறகு அதையும் பூட்டினார்.

"சுட்டெண் என்ன எண்டு பாத்துச் சொல்லு புள்ள."

நான் ஒவ்வோர் இலக்கமாக வாசித்தேன். அவர் ஒவ்வொன்றாகத் திருப்பிச் சொன்னார்.

"மறுகா ஒருக்காச் சொல்லு."

மறுபடியும் வாசித்தேன். எழுதி எடுக்கிறார் என்று நினைத்து ஆறுதலாக, இடைவெளி விட்டு வாசித்தேன். கடைசி இலக்கத்தைச் சொல்லி முடித்ததும், "சரி, அட்டையைக் கசக்காம வை" என்று சொல்லி வைத்துவிட்டார்.

"அம்மா, சின்னம்மா சோதனைக்கு வருவா போல!" என்று கரையில் நின்று கத்தினேன். "நம்பரையெல்லாம் கேட்டு எழுதிட்டா!"

அம்மா நிமிரவில்லை. குனிந்தபடியே தண்ணீருக்குள் கையை விட்டுத் தடவிக்கொண்டிருந்தார். காலையிலிருந்து கலக்கிவிட்ட இடம் அது. அங்கே இறால் இல்லை என்று எனக்கே தெரியும். அம்மாவுக்குத் தெரியவில்லையே என்று நினைத்துக்கொண்டு, அட்டையைக் கசங்காமல் பிடித்தபடி நான் வீட்டுக்கு ஓடினேன்.