இரண்டு பிறை உள்ள நாட்டின் நடுநாள்

பத்து வயதில் எனக்கென்று ஒரு நாடு இருந்தது. காத்தான்குடி ஆற்றங்கரையில் நின்றால் தெரிகிற தண்ணீருக்கு அடியில் அது இருந்தது. அரசன், கொடி, படை எல்லாவற்றையும் ஒரே பின்னேரத்தில் செய்து முடித்துவிட்டேன். கலண்டர்தான் இரண்டு மாதம் இழுத்தது.

பள்ளிக்கூடத்துப் பழைய சீ.ஆர். கொப்பியொன்றின் பின்பக்கத்தில் அதை எழுதினேன். வருஷத்துக்கு ஏழு மாதம். பட்ட மாதம், வெள்ள மாதம், சும்மா மாதம் என்று போய், கடைசியாகக் கஞ்சி மாதம் வரும். அதுதான் அவர்களுடைய நோன்பு. கிழமையில் திங்களை எடுத்துவிட்டேன். பள்ளிக்கூடத்தில் அன்றைக்குக் கணக்குப் பாடம் இரண்டு தரம் வந்தது. அப்படியென்றால் மாதத்துக்கு எத்தனை கிழமை என்று உம்மா வெங்காயம் உரித்துக்கொண்டே கேட்டார். தண்ணீருக்கு அடியில் இருக்கிறவர்கள் அதையெல்லாம் எண்ணுவதில்லை என்று சொன்னேன். உம்மா ஏற்றுக்கொண்டார்.

முதலில் அந்த நாட்டு வானத்தில் ஒரு பிறைதான் இருந்தது. இரண்டாவது பிறையை எங்கள் வீட்டுக்காரர்கள்தான் வரவழைத்தார்கள்.

பெருநாளைப் பிறைதான் தீர்மானிக்கும் என்பதில் ஊரில் இரண்டு கருத்து இல்லை. எந்தப் பிறை என்பதில்தான் இருந்தது. நம் நாட்டில் கண்ணால் கண்ட பிறை வேண்டும் என்பார்கள் சிலர். உலகத்தில் எங்கே தெரிந்தாலும் பிறை பிறைதான் என்பார்கள் வேறு சிலர். வாப்பா அந்த வருஷம் முதல் பகுதியிலிருந்து இரண்டாம் பகுதிக்குப் போயிருந்தார். உம்மாவின் காக்கா, எங்கள் மாமா, இருந்த இடத்திலேயே இருந்தார். நோன்பின் தொடக்கம் இருவருக்கும் ஒன்றாக அமைந்துவிட்டது. முடிவு அப்படி அமையாது போலிருந்தது.

ஒருநாள் மாமா எங்கள் வீட்டில் நோன்பு திறந்தார். கஞ்சிக் கோப்பையை வைத்துவிட்டு, மெதுவாகத்தான் சொன்னார்.

"மச்சான், உங்கட பெருநாளண்டு நான் நோன்போட இருப்பன். பிறகு எப்பிடி இந்த வீட்டுக்கு வாறது?"

"ஏலாட்டி வர வேணாம்," என்றார் வாப்பா.

எங்கள் பக்கத்தில் வீடு பெண்பிள்ளைக்கு. கட்டிக்கொடுப்பது பெரும்பாலும் அவளுடைய ஆண் சகோதரங்கள். மாமா சவூதியில் ஏழு வருஷம் லொறி ஓட்டி உம்மாவுக்குக் கட்டிய வீடு அது. வாப்பா மாப்பிள்ளையாக அதற்குள் வந்தவர். 'இந்த வீடு' என்பதை மாமா அழுத்திச் சொன்னாரா என்பது எனக்குத் தெரியவில்லை. வாப்பாவுக்குத் தெரிந்திருக்கும். உம்மா கஞ்சி அகப்பையோடு இருவருக்கும் நடுவில் நின்றார். யாருக்கும் ஊற்றவில்லை.

அந்தக் கிழமையே நான் பிரச்சினையைத் தீர்த்துவிட்டேன். என் நாட்டுக்கு இரண்டு பிறை கொடுத்தேன். வெள்ளைப் பிறை முதலில் வரும். மஞ்சள் பிறை சோம்பேறி, ஒருநாள் பிந்தித்தான் வரும். இரண்டுக்கும் இடையில் உள்ளது நடுநாள். அதற்குத் திகதி கிடையாது, அது எந்த மாதத்திலும் சேராது. அன்று வெள்ளைப் பிறைக்காரர் சாப்பிடலாம், மஞ்சள் பிறைக்காரர் நோன்பிருக்கலாம், இருவர் செய்வதும் சரி. யாரும் கேற்றைப் பூட்டக் கூடாது.

இருபத்தொன்பதாம் நோன்பன்று மஃரிப் தொழுகைக்குப் பிறகு, வெளிநாட்டில் பிறை கண்டதாக வாப்பாவுக்குத் தொலைபேசி அழைப்பு வந்தது. விடிந்தால் பெருநாள் என்றார். மாமா வீட்டில் விடிந்தாலும் நோன்புதான்.

உம்மா சுபஹுத் தொழுகைக்கு முன்பே அடுப்படிக்குப் போய்விட்டார். நெய்ச்சோறு, இறைச்சிக் கறி, வட்டிலப்பம். கறிக்கு உப்புப் பார்க்க மூன்று தரம் என்னைக் கூப்பிட்டார். எனக்கு ஒரே பெருமை. பின்னேரம் எல்லாவற்றையும் அடுக்குப் பாத்திரத்தில் போட்டு, இரண்டு தெரு தள்ளியிருந்த மாமா வீட்டுக்கு என்னை அனுப்பினார்.

"பாங்கு சொன்ன பிறகு திறக்கச் சொல்லுங்க மகள்."

நான் கொப்பியையும் எடுத்துக்கொண்டேன். பெருநாள் உடுப்போடும் மருதாணிக் கையோடும் போனேன். தெருவில் ஒரு வீட்டுப் பிள்ளைகள் பலூன் ஊதிக்கொண்டிருந்தார்கள். அடுத்த வீட்டுப் பிள்ளைகள் உதடு காய்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மாமா வாசலில் கதிரையில் இருந்தார். கொப்பியை வாங்கிப் பின்பக்கம் திருப்பி, தொடக்கத்திலிருந்து வாசித்தார்.

"இது எங்க இருக்கிற நாடு?"

"ஆத்துக்கு அடியில மாமா."

அந்தப் பாதையிலும் லொறி ஓட்டியவரைப் போலத் தலையாட்டினார். பிறகு கேட்டார்.

"நடுநாள்ல உங்கட உம்மா எந்தப் பக்கம்?"

அரசனுக்கும், மீன்காரருக்கும், நீந்தித் திரியும் தாராக்களுக்கும்கூட நான் சட்டம் எழுதியிருந்தேன். உம்மாவுக்கு எழுதவில்லை.

"உம்மா சமைப்பா," என்றேன்.

"இண்டைக்கு உம்மா என்ன திண்டா?"

யோசித்துப் பார்த்தேன். உம்மாவின் வாயில் எதையும் கண்ட ஞாபகம் வரவில்லை. "உப்புப் பாக்கவும் என்னத்தான் கூப்பிட்டா," என்றேன்.

மாமா கொப்பியை மூடினார். பாத்திரத்தைத் தூக்கிக்கொண்டு எழும்பினார். "வாங்க," என்றார்.

நாங்கள் கேற்றடிக்கு வரவும் பாங்கு சொல்லவும் சரியாக இருந்தது. வாப்பா பெருநாள் உடுப்போடு எழும்பி, "வாங்க மச்சான்" என்றார். உம்மா பேரீச்சம்பழத் தட்டைக் கொண்டுவந்தார். மாமா ஒன்றை எடுத்துக்கொண்டு தட்டை உம்மா பக்கம் நீட்டினார். உம்மா ஒன்றை எடுத்து, சுவர்ப் பக்கம் திரும்பிச் சாப்பிட்டார். ஒரு கிளாஸ் தண்ணீரை ஒரே மூச்சில் குடித்தார். வாப்பா இன்னொரு கிளாஸ் ஊற்றி அவருக்குப் பக்கத்தில் வைத்தார். கறியில் உப்புக் கூடிப்போய்விட்டது என்றார் மாமா. எல்லோரும் என்னைப் பார்த்தார்கள்.

என் கலண்டர் வென்றுவிட்டது என்றுதான் அன்று நான் நினைத்தேன். உம்மா அன்று நோன்புக்கு நிய்யத்து வைத்திருந்தாரா என்று இன்றுவரை கேட்டதில்லை. பெருநாளன்று நோன்பிருக்கக் கூடாது என்பதில் வாப்பாவும் மாமாவும் ஒன்றுதான். நோன்பன்று சாப்பிடக் கூடாது என்பதிலும் ஒன்றுதான். இரண்டுக்கும் நடுவில் உம்மா அந்தப் பகலை எப்படிக் கடந்தார் என்பது அவருக்கும் அல்லாஹ்வுக்கும் உள்ளது.

ஆனால் வாப்பாவை நினைத்துப் பார்க்கிறேன். உம்மா வந்து இருக்காமல் முதல் பிடி சோற்றைத் தொடாத மனிதர் அவர். அந்தப் பெருநாள் பகலில் உம்மாவைக் கூப்பிடாமலே சாப்பிட்டார். நான் கூப்பிட எழும்பியபோதும் கையைப் பிடித்து இருத்தினார். மாமா மேலிருந்த கோபத்தை உம்மாவிடம் காட்டுகிறார் என்று நான் வெகுகாலம் நம்பியிருந்தேன்.